வேலையை விட்டவரின் லாகின் எப்போது மூடும்? என்ட்ரா, ஓக்டா, கீக்ளோக், ஜோஹோ டைரக்டரி: ஓர் ஒப்பீடு

நிறுவனத்தில் எல்லாச் செயலிகளுக்கும் ஒரே லாகின் கொண்டுவருவது என்று முடிவானதும் பெரும்பாலும் நான்கு பெயர்கள் மேசைக்கு வரும். மைக்ரோசாஃப்ட் 365 ஏற்கெனவே இருப்பதால் என்ட்ரா ஐடி. இந்த ஒரு வேலையையே தொழிலாகக் கொண்ட நிறுவனம் என்பதால் ஓக்டா. மென்பொருள் எழுதும் குழு உள்ள இடங்களில் கீக்ளோக். லைசென்ஸ் கட்டணம் கிடையாது, மூலநிரல் கையில் இருக்கும். மெயிலும் ஹெச்ஆரும் கணக்கு வழக்கும் ஜோஹோவில் ஓடுகிற இடங்களில் ஜோஹோ டைரக்டரி. நான்கின் வசதிப் பட்டியல்களை வைத்துக்கொண்டு எதையும் முடிவு செய்ய முடியாது. எல்லாரிடமும் எஸ்எஸ்ஓ (ஒரே லாகினில் எல்லாச் செயலிகளும்) இருக்கிறது, எம்எஃப்ஏ (பாஸ்வேர்டுக்கு மேல் இன்னொரு சரிபார்ப்பு) இருக்கிறது, லாகின் சேவையும் செயலிகளும் பேசிக்கொள்ளும் நெறிமுறைகளான சாமல், ஓப்பன்ஐடி கனெக்ட் எல்லாம் இருக்கிறது.

அதனால் இரண்டே கேள்விகளை வைத்து இவற்றை எடைபோடுகிறேன். மாலை 6 மணிக்கு ஒருவர் வேலையை விட்டுப் போகிறார். அவருக்குத் திறந்திருக்கும் கடைசிக் கதவு எத்தனை மணிக்கு மூடுகிறது? லாகின் கொடுப்பவரே விழுந்துவிட்டால், அல்லது அவர் வீட்டுக்குள்ளேயே ஆள் புகுந்துவிட்டால், நாம் என்ன செய்வோம்? என் மனதில் இருப்பது 200 முதல் 500 பேர் வரை வேலை பார்க்கிற, ஐடி பிரிவில் இரண்டு மூன்று பேர் மட்டுமே உள்ள இந்திய நிறுவனம். வங்கிகளுக்கும் பெரிய ஐடி கம்பெனிகளுக்கும் கணக்கு வேறு.

முதலில் சந்தையின் நிலவரம், ஏனென்றால் இன்று வாங்குவது மூன்று வருடம் கழித்து யார் கையில் இருக்கும் என்பதும் முடிவின் ஒரு பகுதி. இந்தத் துறை வேகமாகக் கைமாறிக்கொண்டிருக்கிறது. தோமா பிராவோ என்ற அமெரிக்க முதலீட்டு நிறுவனம் 2022-ல் செயில்பாயின்ட், பிங் ஐடென்டிட்டி என்ற இரண்டு அடையாள மென்பொருள் நிறுவனங்களையும் வாங்கியது. 2023-ல் பிங்கின் போட்டியாளரான ஃபோர்ஜ்ராக்கையும் வாங்கி பிங்கோடு இணைத்துவிட்டது. ஃபோர்ஜ்ராக்கைத் தேர்ந்தெடுத்து, மாதக்கணக்கில் உழைத்து நிறுவியவர்கள், தாங்கள் ஒதுக்கிவைத்த போட்டியாளரின் வாடிக்கையாளராக மாறினார்கள். ஓக்டா 2021-ல் சுமார் 650 கோடி டாலர் மதிப்பில் ஆத்ஜீரோவை வாங்கியது. 2025 ஜூலையில் பாலோ ஆல்டோ நெட்வொர்க்ஸ், சைபர்ஆர்க்கைச் சுமார் 2,500 கோடி டாலருக்கு வாங்கப்போவதாக அறிவித்தது. ஃபயர்வால் விற்றவர்கள் அடையாளத்துக்கு இவ்வளவு பணம் போடுவதற்குக் காரணம் எளிது. ஆள் வீட்டில், செயலி வேறொருவர் சர்வரில், ஃபோன் சொந்த ஃபோன் என்று ஆனபிறகு, காவல் போட மீதியிருக்கும் இடம் லாகின் மட்டும்தான்.

மாலை 6 மணிக் கணக்கு: என்ட்ரா

2023 ஜூலை வரை அஸூர் ஆக்டிவ் டைரக்டரி என்று அழைக்கப்பட்டதுதான் இன்றைய என்ட்ரா ஐடி. நம் ஊர் நிறுவனங்களில் இது பெரும்பாலும் தனியாக இருப்பதில்லை. அலுவலகத்தில் ஒரு விண்டோஸ் சர்வர், அதில் ஊழியர் கணக்குகளை வைத்திருக்கும் பழைய ஆக்டிவ் டைரக்டரி, அதை மேகத்தோடு இணைக்கும் என்ட்ரா கனெக்ட், அதற்குப் பின்னால் மெயில், டீம்ஸ், மற்ற செயலிகள் என்று ஒரு சங்கிலியாக இருக்கும். இந்தச் சங்கிலியில் ஒரு கணக்கை முடக்கினால் என்ன நடக்கிறது என்பதை நிமிடக் கணக்கில் பார்ப்போம்.

6 மணிக்கு ஐடி ஆள் அலுவலக சர்வரில் அந்தக் கணக்கை டிஸேபிள் செய்கிறார். என்ட்ரா கனெக்ட் இயல்பாக 30 நிமிடத்துக்கு ஒருமுறைதான் ஒத்திசைக்கும். ஆக, என்ட்ராவுக்குச் செய்தி போய்ச் சேர 6.30 ஆகலாம். அங்கிருந்து, ஸ்கிம் என்ற நெறிமுறை வழியாக, மற்ற செயலிகளில் கணக்கை மூடச் சொல்லும் சுற்று சுமார் 40 நிமிடத்துக்கு ஒருமுறை ஓடும், அது 7.10. இதற்கிடையில் அவர் கையில் ஏற்கெனவே இருக்கும் ஆக்சஸ் டோக்கன், அதாவது லாகின் ஆனதும் கிடைக்கும் நுழைவுச் சீட்டு, பொதுவாக 60 முதல் 90 நிமிடம் செல்லும். என்ட்ராவுக்குச் செய்தி வருவதற்குச் சற்று முன்பு, 6.25-க்கு, ஒரு புது டோக்கன் எடுத்திருந்தால் அது 8 மணியை நெருங்கும்வரை வேலை செய்யலாம். எக்ஸ்சேஞ்ச், ஷேர்பாயின்ட், டீம்ஸ் ஆகியவற்றில் மட்டும் இதற்கு மருந்து உண்டு. தொடர் ஆக்சஸ் மதிப்பீடு என்ற வசதி, கணக்கு முடக்கப்பட்ட செய்தி என்ட்ராவுக்கு வந்த சில நிமிடங்களில், அதிகம் போனால் 15 நிமிடத்தில், அந்த டோக்கனைச் செல்லாததாக்கிவிடும். வெளிச் செயலிகளுக்கு இது பெரும்பாலும் பொருந்தாது.

மைக்ரோசாஃப்டைக் குறை சொல்ல இந்தக் கணக்கைப் போடவில்லை. ஒவ்வொரு கட்டத்துக்கும் நியாயம் இருக்கிறது. ஆனால் இதை அறியாத ஐடி பிரிவு, "6 மணிக்கே முடக்கிவிட்டோம்" என்று ஹெச்ஆருக்கு எழுதிக் கொடுக்கும். சண்டை போட்டுக்கொண்டு போகும் விற்பனை மேலாளர் வாடிக்கையாளர் பட்டியலை இறக்கிக்கொள்ள 15 நிமிடம் போதும். என்ட்ராவை வைத்திருப்பவர்கள் இப்படிப்பட்ட நாளில் அலுவலக சர்வரை மட்டும் நம்பாமல், என்ட்ரா பக்கத்திலும் நேரடியாக லாகினைத் தடுத்து, செஷன்களை ரத்து செய்து, முக்கியமான செயலிகளில் கையாலேயே கணக்கை மூட வேண்டும்.

விலையில் என்ட்ராவை மற்றவர்கள் முந்துவது கடினம். பி1 திட்டத்தின் பட்டியல் விலை ஆளுக்கு மாதம் 6 டாலர், பி2-க்கு 9 டாலர். ஆனால் மைக்ரோசாஃப்ட் 365 பிசினஸ் பிரீமியம் வைத்திருந்தால் பி1 ஏற்கெனவே உள்ளே இருக்கிறது. எந்தச் சாதனத்திலிருந்து, எந்த இடத்திலிருந்து லாகின் வந்தால் என்ன செய்ய வேண்டும் என்று விதி போடும் கண்டிஷனல் ஆக்சஸ் வசதி பி1-ல் தொடங்குகிறது. இதற்குப் பணம் கட்டிவிட்டு, ஒரு விதிகூடப் போடாமல் இருக்கும் நிறுவனங்கள் நிறைய. பிசினஸ் பிரீமியத்துக்கு 300 பேர் என்ற வரம்பு உண்டு. தொழிற்சாலைத் தளத்தில் வேலை செய்பவர்களுக்கு எஃப்1, எஃப்3 லைசென்ஸ்கள் இருக்கின்றன. அவற்றிலும் பி1 சேர்ந்தே வருகிறது. பி2-வை எல்லாருக்கும் வாங்கத் தேவையில்லை. அட்மின் அதிகாரத்தைத் தேவையான நேரத்துக்கு மட்டும் திறந்துவிடும் வசதிக்காக, அட்மின்கள் சிலருக்கு மட்டும் வாங்கினால் போதும்.

இரண்டாவது கேள்விக்கு வருவோம். 2021 மார்ச் 15 அன்று அஸூர் ஆக்டிவ் டைரக்டரி உலகம் முழுக்கத் தடுமாறியது. காரணம் ஒரு சாவி. டோக்கன்கள் உண்மையானவை என்று காட்டக் கையெழுத்திடும் சாவிகளை மாற்றும் தானியங்கி, வைத்திருக்க வேண்டும் என்று குறித்திருந்த ஒரு சாவியைப் பிழையால் நீக்கிவிட்டது. டீம்ஸ் உட்படப் பல சேவைகளுக்குள் ஆட்கள் நுழைய முடியவில்லை. முழுமையாகச் சரியாக ஏறக்குறைய 14 மணி நேரம் ஆனது.

2023-ல் நடந்தது இதைவிட மோசம். ஸ்டார்ம்-0558 என்று மைக்ரோசாஃப்ட் பெயரிட்ட, சீனாவைச் சேர்ந்த குழு ஒன்று, 2016-ல் உருவாக்கப்பட்ட ஒரு கையொப்பச் சாவியை எப்படியோ அடைந்துவிட்டது. தனிநபர் கணக்குகளுக்கு மட்டுமே செல்ல வேண்டிய அந்தச் சாவியால் போட்ட கையெழுத்தை நிறுவனக் கணக்குகளும் ஏற்றுக்கொண்டன. அமெரிக்க வெளியுறவுத் துறை, வணிகத் துறைச் செயலாளர் உள்ளிட்டோரின் மெயில்கள் படிக்கப்பட்டன. கண்டுபிடித்தது வெளியுறவுத் துறை. யார் எப்போது எதைத் திறந்தார் என்று காட்டும் விரிவான பதிவுகளை (லாக்) அவர்கள் கூடுதல் பணம் கட்டி வாங்கிவைத்திருந்தார்கள். அதே தாக்குதலுக்கு ஆளாகி, குறைந்த லைசென்ஸ் வைத்திருந்தவர்களால் தாமாகக் கண்டுபிடித்திருக்க முடியாது. இது தடுத்திருக்கக்கூடிய ஊடுருவல் என்று அமெரிக்க அரசின் சைபர் பாதுகாப்பு ஆய்வு வாரியம் 2024-ல் வெளியான அறிக்கையில் எழுதியது. அந்தச் சம்பவத்துக்குப் பிறகு மைக்ரோசாஃப்ட் பல பதிவுகளைக் கூடுதல் கட்டணமின்றித் திறந்துவிட்டது.

2025-ல் டச்சு ஆய்வாளர் டிர்க்-யான் மொல்லேமா, எந்த நிறுவனத்தின் குளோபல் அட்மினாகவும் (முழு அதிகாரமுள்ள அட்மின்) நடிக்க வழிவிடும் ஓட்டை ஒன்றை என்ட்ராவில் கண்டுபிடித்துச் சொன்னார். சில நாட்களில் அடைத்துவிட்டார்கள், அதற்கு நன்றி சொல்ல வேண்டும். ஆனாலும் ஒன்று புரிகிறது. என்ட்ராவை வாங்குவது என்பது மிகப் பெரிய இலக்கோடு நம்மையும் சேர்த்துக் கட்டிக்கொள்வது. அதற்குப் பதிலாக, நம்மால் ஒருபோதும் வைத்துக்கொள்ள முடியாத அளவு பெரிய பாதுகாப்புப் படை நமக்குக் கிடைக்கிறது. இந்தப் பேரம் 300 பேர் நிறுவனத்துக்கு லாபம் என்றே நினைக்கிறேன்.

ஓக்டா: சங்கிலி குட்டை, பில் நீளம்

டாட் மெக்கின்னன், ஃபிரெடரிக் கெரெஸ்ட் இருவரும் சேல்ஸ்ஃபோர்ஸிலிருந்து வெளியே வந்து 2009-ல் தொடங்கியது ஓக்டா. இவர்களுக்கு மெயிலும் கிடையாது, ஆஃபீஸ் தொகுப்பும் கிடையாது. ஆகவே கூகுளோடும் மைக்ரோசாஃப்டோடும் சேல்ஸ்ஃபோர்ஸோடும் ஒரே மாதிரி பழகுவார்கள். முன்கூட்டியே தயாரித்துவைத்த இணைப்புகள் ஆயிரக்கணக்கில் இருக்கின்றன. மெயில் கூகுளில், கோப்புகள் வேறெங்கோ, ஹெச்ஆர் மற்றொன்றில், மேம்பாட்டுக் குழு கிட்ஹப்பில் என்று சிதறிக் கிடக்கும் நிறுவனத்துக்கு இது பெரிய ஆறுதல்.

மாலை 6 மணிக் கணக்கிலும் ஓக்டா நன்றாகவே தேறுகிறது. கணக்கை முடக்கியதும், ஸ்கிம் வழியாக இணைத்த செயலிகளுக்குச் செய்தி உடனே புறப்படும். அடுத்த சுற்றுக்குக் காத்திருப்பதில்லை. ஹெச்ஆர் மென்பொருளில் கடைசி நாள் பதிவானால், அதிலிருந்தே இந்த வேலையைத் தொடங்க வைக்கலாம். எஞ்சும் ஓட்டை, ஏற்கெனவே திறந்திருக்கும் பிரவுசர் செஷன்கள். சாமல் மூலம் உள்ளே போன ஒரு செயலி, தன் செஷனைத் தன் இஷ்டப்படி எட்டு மணி நேரமோ இரண்டு வாரமோ வைத்துக்கொள்ளும். எல்லா இடத்திலும் ஒரே அடியாக வெளியேற்றும் வசதியை ஓக்டா கொண்டுவந்திருக்கிறது, ஆனால் அதற்கு ஆதரவு தரும் செயலிகளில்தான் அது பலிக்கும்.

விலைதான் இடிக்கும். ஆரம்பத் திட்டத்தின் பட்டியல் விலை ஆளுக்கு மாதம் 6 டாலர் என்று பார்த்து மகிழ்ந்துவிடக் கூடாது. ஆள் சேர்வதையும் போவதையும் தானாகக் கவனித்துக்கொள்ளும் வசதி 17 டாலர் திட்டத்தில் இருக்கிறது. 300 பேருக்கு 6 டாலர் என்றால் வருடம் 21,600 டாலர். 17 டாலர் என்றால் 61,200. இதற்கு மேல் மைக்ரோசாஃப்ட் அல்லது கூகுள் பில் தனி. ஓக்டாவை வாங்குபவர்கள் இந்த வித்தியாசத்துக்கு ஈடான தலைவலி தங்களிடம் இருக்கிறதா என்று நேர்மையாகக் கேட்டுக்கொள்ள வேண்டும். ஐம்பது வெளிச் செயலிகள் உள்ள நிறுவனத்துக்கு இருக்கும். எட்டுச் செயலிகள் உள்ள நிறுவனத்துக்கு இருக்காது.

ஓக்டாவின் வீட்டுக்குள் ஆள் புகுந்த கதையை விரிவாகவே சொல்ல வேண்டும், ஏனென்றால் அதில் நமக்குப் பாடம் இருக்கிறது. லாகின் பிரச்சினை என்று சப்போர்ட்டுக்கு எழுதினால், "ஹெச்ஏஆர் கோப்பு அனுப்புங்கள்" என்பார்கள். பிரவுசர் அந்த நேரத்தில் அனுப்பியது, வாங்கியது எல்லாவற்றின் பதிவு அது. அதற்குள் செஷன் டோக்கனும் இருக்கும். 2023 செப்டம்பர் கடைசியிலும் அக்டோபரிலும் ஒரு குழு ஓக்டாவின் சப்போர்ட் அமைப்புக்குள் நுழைந்து, வாடிக்கையாளர்கள் அனுப்பிய இந்தக் கோப்புகளை எடுத்து, அதிலிருந்த டோக்கன்களை வைத்து அவர்களின் அட்மின் கணக்குகளுக்குள் போகப் பார்த்தது. வாடிக்கையாளர்களில் ஒன்றான பியாண்ட்டிரஸ்ட் என்ற பாதுகாப்பு நிறுவனம் அக்டோபர் 2 அன்றே கவனித்து ஓக்டாவிடம் சொல்லிவிட்டது. ஓக்டா வெளியில் அறிவித்தது அக்டோபர் 20. நுழைந்த வழி, ஓர் ஊழியர் அலுவலக மடிக்கணினியில் தன் சொந்த கூகுள் கணக்கில் உள்நுழைந்து, ஒரு சர்வீஸ் கணக்கின் (மனிதருக்கல்ல, மென்பொருளுக்காக வைத்திருக்கும் கணக்கு) பாஸ்வேர்டை அதில் சேமித்துவைத்திருந்தது. பாதிக்கப்பட்டது 134 வாடிக்கையாளர்கள் என்று முதலில் சொன்னார்கள். நவம்பரில், சப்போர்ட் அமைப்பைப் பயன்படுத்திய அனைவரின் பெயர், மெயில் பட்டியலும் போய்விட்டது என்று திருத்தினார்கள்.

கதை அத்தோடு நிற்கவில்லை. பாதிக்கப்பட்டவர்களில் ஒன்றான கிளவுட்ஃபிளேர், ஓக்டா சொல்வதற்கு முன்பே தாங்களே கண்டுபிடித்துத் தடுத்த நிறுவனம். அப்படிப்பட்டவர்களும், கசிந்திருக்கக்கூடிய சாவிகளை மாற்றும்போது ஒரு டோக்கனையும் மூன்று சர்வீஸ் கணக்குகளையும் பயன்பாட்டில் இல்லை என்று எண்ணி விட்டுவிட்டார்கள். நவம்பரில் அதே நான்கை வைத்து அவர்களின் அட்லாசியன் சர்வருக்குள் ஆள் நுழைந்துவிட்டது. மனிதர் வேலையை விட்டால் ஹெச்ஆர் சொல்லும். ஒரு சர்வீஸ் கணக்கு வேலையை விட்டால் யார் சொல்வார்கள்? 2025 ஆகஸ்டில் சேல்ஸ்லாஃப்ட் டிரிஃப்ட் என்ற இணைப்பிலிருந்து திருடிய டோக்கன்கள் மூலம் நூற்றுக்கணக்கான நிறுவனங்களின் சேல்ஸ்ஃபோர்ஸ் தரவு போனதும் இதே வகைதான். அந்த முறை ஓக்டா தப்பியது. எந்த ஐபி முகவரிகளிலிருந்து மட்டும் உள்ளே வரலாம் என்று முன்பே கட்டுப்படுத்திவைத்திருந்தார்கள். ஏஐ ஏஜென்ட்டுகளுக்கும் இப்போது தனி அடையாளம் தருகிறோம் என்று மைக்ரோசாஃப்டும் ஓக்டாவும் போட்டி போடுகின்றன. இருக்கிற சர்வீஸ் கணக்குகளுக்கே பொறுப்பாளர் பெயர் எழுதாத நிறுவனம் அந்தப் பக்கம் இப்போதைக்குப் போக வேண்டாம்.

கீக்ளோக்: லைசென்ஸ் இல்லை, லீவும் இல்லை

ரெட் ஹேட்டில் பிறந்த திறமூலத் திட்டம் கீக்ளோக். 2023 ஏப்ரலில், திறமூலத் திட்டங்களைப் பேணும் கிளவுட் நேட்டிவ் கம்ப்யூட்டிங் ஃபவுண்டேஷனின் குடைக்குள் வந்தது. பெங்களூரு ஐஐஐடியில் உருவாகி, பல நாடுகள் தேசிய அடையாளத் திட்டங்களுக்கு எடுத்துக்கொண்ட மோசிப் மேடையிலும் கீக்ளோக் இருக்கிறது. ஆகவே திறமூலம் என்றால் சிறு பிள்ளை வேளாண்மை என்று யாரும் ஒதுக்க வேண்டியதில்லை.

உங்கள் நிறுவனமே ஒரு செயலியை உருவாக்கி, லட்சம் வாடிக்கையாளர்களுக்கு லாகின் தரப்போகிறது என்றால் என் முதல் தேர்வு கீக்ளோக்தான். ஆள் கணக்கில் பில் ஏறாது, லாகின் பக்கத்தைத் தமிழிலும் விருப்பம்போலவும் மாற்றிக்கொள்ளலாம், தரவு உங்கள் சர்வரில் இருக்கும். டோக்கன் ஆயுள் இயல்பாகவே 5 நிமிடம்தான். கணக்கை முடக்கினால் உங்கள் சொந்தச் செயலியில் மிக வேகமாகக் கதவு மூடும்.

ஊழியர்களுக்கு என்றால் நிலைமை மாறுகிறது. வெளிச் செயலிகளுக்குள் சாமல் மூலம் நுழைய விடுவது சுலபம். ஆனால் அந்தச் செயலிகளில் கணக்கை உருவாக்கி, ஆள் போனதும் மூடுகிற ஸ்கிம் வேலையைக் கீக்ளோக் தானே செய்யும் என்று நம்பி இறங்க முடியாது; கூடுதல் நீட்சி போட வேண்டும் அல்லது எழுத வேண்டும். எழுதியவர் வேலையை விட்டால் அதைப் பார்க்க ஆள் வேண்டும்.

அப்புறம் பராமரிப்பு. வருடத்தில் பலமுறை புதுப் பதிப்பு வரும். சமூகப் பதிப்பில் பாதுகாப்புத் திருத்தங்கள் பொதுவாக ஆகக் கடைசிப் பதிப்புக்குத்தான். நிறுவிவிட்டு இரண்டு வருடம் தொடாமல் விடக்கூடிய பொருள் இல்லை இது. போஸ்ட்கிரெஸ் தரவுத்தளம், குறைந்தது இரண்டு சர்வர், இரவில் எழுந்து பார்க்க இரண்டு ஆள். ஒரே ஆளை நம்பினால், அவர் திருமணத்துக்கு லீவு எடுத்த வாரத்தில் சான்றிதழ் காலாவதியாகி மொத்த நிறுவனமும் வெளியே நிற்கும்.

பலர் கவனிக்காத ஒன்று இங்கே இருக்கிறது. டோக்கன்களில் கையெழுத்திடும் சாவி, இயல்பான அமைப்பில், கீக்ளோக்கின் தரவுத்தளத்துக்குள்ளேயே இருக்கிறது. அந்தத் தரவுத்தளத்தின் பேக்கப் யாருக்குக் கிடைத்தாலும், அவரால் உங்கள் நிறுவனத்தில் யார் பெயரிலும் டோக்கன் தயாரிக்க முடியும். ஸ்டார்ம்-0558-ல் மைக்ரோசாஃப்ட் இழந்தது இந்த வகைச் சாவியைத்தான். அந்த அளவு கவனத்தை உங்கள் இரவு நேர பேக்கப் கோப்புக்குத் தர முடியும் என்றால் கீக்ளோக்கை எடுங்கள். மலிவு என்ற காரணத்துக்காக மட்டும் எடுக்காதீர்கள். 300 பேருக்கு என்ட்ரா பி1-ஐத் தனியே வாங்கினாலும் வருடச் செலவு 21,600 டாலர். அனுபவமுள்ள இரண்டு பொறியாளர்களின் நேரத்தில் பாதியைக் கணக்கிட்டால் மிச்சம் எதுவும் பெரிதாகத் தேறாது.

ஜோஹோ டைரக்டரி

ஜோஹோ ஒன் தொகுப்பிலேயே வேலை நடக்கும் நிறுவனங்கள் நம் மாநிலத்தில் நிறைய. அங்கே ஹெச்ஆர் மென்பொருளான ஜோஹோ பீப்பிளில் ஒருவர் விலகிய தேதி பதிவாகிறது, மெயிலும் சிஆர்எம்மும் புக்ஸும் அதே வீட்டுக்குள் இருக்கின்றன. சங்கிலியே தேவையில்லாததால் 6 மணிக் கணக்கு மிக எளிது. சப்போர்ட்டுக்கு அழைத்தால் தமிழில் பேச ஆள் கிடைப்பதும், தரவு இந்தியாவில் உள்ள மையங்களில் இருப்பதும் சின்ன விஷயங்கள் இல்லை. வெளிச் செயலிகளுக்கு எஸ்எஸ்ஓவும் தருகிறார்கள், ஆக்டிவ் டைரக்டரியோடும் இணைக்கலாம்.

ஆனால் நிறுவனத்தில் பாதி வேலை ஜோஹோவுக்கு வெளியே நடக்கிறது என்றால், உங்கள் செயலிகளை ஒவ்வொன்றாக எழுதி, தானாகக் கணக்கு மூடும் இணைப்பு எதற்கெல்லாம் இருக்கிறது என்று சரிபார்த்துவிட்டு முடிவெடுங்கள். லாகின் இணைப்பு இருப்பதும் கணக்கு மூடும் இணைப்பு இருப்பதும் வேறு வேறு. நம் ஊர் நிறுவனம் என்ற பாசத்தில் இதைத் தாண்டிப் போகக் கூடாது. இதே குழுமத்தின் மேனேஜ்இன்ஜின் ஏடிசெல்ஃப்சர்வீஸ் பிளஸ் மென்பொருளில் 2021-ல் இருந்த ஓட்டையைத் தாக்குதல்காரர்கள் பயன்படுத்துவதாக அமெரிக்காவின் சைபர் பாதுகாப்பு முகமையான சிஐஎஸ்ஏவும் எஃப்பிஐயும் சேர்ந்து எச்சரித்தன. எச்சரிக்கை வந்தபோது திருத்தம் வெளிவந்திருந்தது, அதை உடனே போடாமல் விடுவதுதான் ஆபத்து. சொந்த சர்வரில் வைக்கும் எந்த அடையாள மென்பொருளுக்கும் இது பொருந்தும்.

மெயிலுக்கு கூகுள் வொர்க்ஸ்பேஸ் வைத்திருக்கும் சின்ன நிறுவனங்கள் ஒன்று கவனிக்கலாம். பத்துப் பதினைந்து செயலிகளுக்கு கூகுளின் சொந்த சாமல் வசதியே போதும். அதை முயன்று பார்க்காமல் ஐந்தாவதாக ஒன்றை வாங்க வேண்டாம்.

நான்கிலும் சேர்ந்து வராதவை

எஸ்எஸ்ஓ வாங்கினால் மட்டும் போதாது. மறுமுனையில் உள்ள செயலியும் அதை அனுமதிக்க வேண்டும். பல மென்பொருள் நிறுவனங்கள் சாமல் லாகினைத் தங்கள் உயர்ந்த திட்டத்தில் மட்டுமே தருகின்றன. பாதுகாப்புக்கான அடிப்படைப் பூட்டை ஆடம்பரப் பொருளாக விற்பது தவறு என்பது என் உறுதியான கருத்து. ஆனால் பட்ஜெட் போடும்போது இந்தச் செலவைச் சேர்த்தே தீர வேண்டும். சில இடங்களில் இது அடையாள லைசென்ஸைவிட அதிகமாக வரும்.

அடுத்தது ஹெல்ப்டெஸ்க். 2023 ஆகஸ்ட் கடைசியில், சூப்பர் அட்மின்களின் எம்எஃப்ஏவை மாற்றித் தரும்படி ஹெல்ப்டெஸ்க்கை ஏமாற்றும் தாக்குதல்கள் நடக்கின்றன என்று ஓக்டா எச்சரித்தது. செப்டம்பரில் அமெரிக்காவின் சூதாட்ட விடுதி நிறுவனமான எம்ஜிஎம் ரிசார்ட்ஸ் விழுந்தது. சுமார் 10 கோடி டாலர் பாதிப்பு என்று நிறுவனமே மதிப்பிட்டது. 1994-ல் சென்னையில் தொடங்கப்பட்ட காக்னிசன்ட் மீது, அமெரிக்காவின் குளோராக்ஸ் நிறுவனம் 2025 ஜூலையில் வழக்குப் போட்டது. அழைத்தவர் யார் என்று சரிபார்க்காமலே ஹெல்ப்டெஸ்க் ஊழியர் பாஸ்வேர்டைக் கொடுத்தார் என்பது குற்றச்சாட்டு. காக்னிசன்ட் பொறுப்பை மறுக்கிறது. வழக்கில் யார் பக்கம் நியாயம் என்பது இருக்கட்டும். ஹெல்ப்டெஸ்க் வேலையில் நம் பிள்ளைகள் ஆயிரக்கணக்கில் இருக்கிறார்கள். "சார் அவசரம், மீட்டிங் இருக்கிறது" என்ற குரலுக்கு மறுப்புச் சொல்லும் அதிகாரத்தை மேலாளர் எழுத்தில் கொடுக்காவிட்டால், அந்த இடத்தில் எந்த மென்பொருளும் உதவாது. வீடியோவில் முகம் பார்ப்பது, மேலாளர் மூலம் உறுதி செய்வது, அட்மின் கணக்கென்றால் நேரில் வந்தால் மட்டும் மாற்றுவது என்று விதி வையுங்கள்.

எம்எஃப்ஏவிலும் தரம் உண்டு. எஸ்எம்எஸ் ஓடிபி கடைசிப் படி. ஃபோனில் "சரி" தட்டச் சொல்லும் கோரிக்கையைத் தாக்குதல்காரர்கள் தொடர்ந்து அனுப்பி ஆளைச் சோர்வடையச் செய்து நுழைந்ததால்தான், திரையில் தெரியும் எண்ணை ஃபோனில் இடச் சொல்லும் முறையை மைக்ரோசாஃப்ட் 2023 மே மாதம் கட்டாயமாக்கியது. பாஸ்கீயும் (பாஸ்வேர்டுக்குப் பதிலாகச் சாதனத்தில் இருக்கும் மின்னணுச் சாவி) வன்பொருள் சாவியும் போலித் தளத்தில் வேலையே செய்யாது, ஏனென்றால் சாவி அந்தத் தள முகவரியோடு கட்டப்பட்டிருக்கும். எல்லாருக்கும் ஒரே நாளில் கொடுக்க முடியாவிட்டாலும், அட்மின்களுக்கும் கணக்குப் பிரிவுக்கும் இந்த மாதமே கொடுத்துவிடலாம்.

பதிவுகளையும் மறக்கக் கூடாது. இந்திய அரசின் சைபர் பாதுகாப்பு அமைப்பான செர்ட்-இன் 2022 ஏப்ரல் 28 அன்று வெளியிட்ட உத்தரவின்படி 180 நாள் பதிவுகளைப் பராமரிக்க வேண்டும், சம்பவத்தை 6 மணி நேரத்துக்குள் தெரிவிக்க வேண்டும். 2025 நவம்பரில் வந்த தனிநபர் தரவுப் பாதுகாப்பு விதிகள், நடைமுறைக்கு வரும்போது ஓராண்டுப் பதிவுகளைக் கேட்கும். தகுந்த பாதுகாப்பு எடுக்கத் தவறினால் சட்டத்தில் அபராதம் 250 கோடி ரூபாய் வரை. ஆனால் என்ட்ரா பி1-ல் லாகின் பதிவுகள் 30 நாள்தான் தங்கும், இலவசத் திட்டத்தில் 7 நாள். ஓக்டாவில் 90 நாள். ஆகவே பதிவுகளைத் தனியே ஏற்றுமதி செய்து சேமிக்கும் ஏற்பாடும் செலவும் முதல் நாளே கணக்கில் வர வேண்டும்.

என் தேர்வு

மைக்ரோசாஃப்ட் 365 உள்ள, 300 பேருக்கு உட்பட்ட நிறுவனத்துக்கு என்ட்ரா பி1, அட்மின்களுக்கு மட்டும் பி2. ஐம்பதுக்கு மேல் வெளிச் செயலிகள், மாதாமாதம் ஆள் சேர்ந்தும் விலகியும் கொண்டிருக்கும் நிறுவனம், அதற்குரிய வருமானம் என்றால் ஓக்டா. ஜோஹோவுக்குள்ளேயே பெரும்பகுதி வேலை என்றால் ஜோஹோ டைரக்டரி, வேறெதையும் யோசிக்க வேண்டாம். வாடிக்கையாளர் லாகினுக்கு, பார்த்துக்கொள்ள இரண்டு ஆள் இருந்தால் கீக்ளோக். ஊழியர்களுக்கு அதை நான் பரிந்துரைக்க மாட்டேன்.

எதை எடுத்தாலும் சோதனைக் காலத்தில் இதைச் செய்துபாருங்கள். ஒரு சோதனை ஊழியர் கணக்கை உருவாக்கி, மடிக்கணினியிலும் ஃபோனிலும் எல்லாச் செயலிகளையும் திறந்துவைத்துவிட்டு, அதை முடக்குங்கள். ஒவ்வொரு செயலியும் எத்தனை நிமிடம் கழித்து வெளியே தள்ளுகிறது என்று எழுதுங்கள். ஃபோனில் உள்ள மெயில் செயலியை மறக்காதீர்கள். பிறகு மற்றொரு நாள், வழக்கமான அட்மின் கணக்குகளால் உள்ளே போக முடியவில்லை என்று வைத்துக்கொண்டு, கண்டிஷனல் விதிகளிலிருந்து விலக்கிவைத்த இரண்டு அவசரக் கணக்குகள் மூலம் உள்ளே போய்ப் பாருங்கள். அவற்றின் சாவிகள் இரண்டு வெவ்வேறு ஆட்களிடம், வெவ்வேறு இடத்தில் இருக்க வேண்டும். லாகின் சேவையே மொத்தமாக விழுந்தால் இந்தக் கணக்குகளும் உதவாது என்பதால், சம்பளமும் வங்கிப் பரிவர்த்தனையும் ஓடும் செயலிகளில் மட்டும் எஸ்எஸ்ஓவுக்கு வெளியே ஓர் உள்ளூர் அட்மின் கணக்கை வைத்து, அதன் பாஸ்வேர்டைப் பூட்டிவையுங்கள். முதல் சோதனையில் ஒரு மணி நேரத்தைத் தாண்டிய செயலிகளின் பட்டியலைக் கையெழுத்திடும் முன்பே விற்பவரிடம் கொடுத்து, ஒவ்வொன்றுக்கும் எழுத்தில் பதில் வாங்குங்கள்.